இடித்த வீட்டு விலாசம்

எங்கள் அறைக்குள் நுழைந்ததும் முதலில் கண்ணில் படுவது சுவரில் தொங்கும் பலகை. 'பேசக் கூடாது.' எழுதியவன் கொஞ்சம் மரியாதை தெரிந்தவனாக இருந்திருந்தால் 'அமைதி காக்கவும்' என்று எழுதியிருப்பான். எங்களுக்கு அது போதும் என்று நினைத்திருக்கிறான்.

குடிநீர் அலுவலகத்தின் மாடி அது. நீளமான அறை, வரிசை வரிசையாக டெர்மினல்கள், கறுப்புத் திரையில் பச்சை எழுத்துகள். ஊரில் குழாய் உள்ள ஒவ்வொரு வீட்டுக்கும் ஓர் இணைப்பு எண் உண்டு. அந்த எண்ணைத் தட்டினால் வீட்டுக்காரர் பெயர், நான்கு வரி விலாசம், மீட்டர் கணக்கு எல்லாம் திரையில் வந்து நிற்கும். அதையெல்லாம் அடித்து ஏற்றுவது எங்கள் வேலை. அறை முழுக்கப் பெண்கள்தான். ஆண்களுக்கு விரல் தடிமன், விசைப்பலகைக்கு ஒத்து வராது என்பது மேனேஜர் சொன்ன காரணம். எங்களுக்குச் சம்பளம் மெலிசு என்பது நாங்களாகப் புரிந்துகொண்ட காரணம்.

நான் கணிதப் பட்டதாரி. எங்கள் வீட்டில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள். அப்பா மார்க்கெட்டில் மூட்டை இறக்கியவர். இடுப்பு போனபிறகு வீட்டில் உட்கார்ந்துவிட்டார். அம்மா இருக்கிறாள், தம்பி படிக்கிறான். நாலு வாய்க்கும் என் பத்து விரல்தான். ஆனால் நான் பயிற்சியில் இருந்தேன். பயிற்சிக் காலம் முடிந்தால் நிரந்தரம் செய்வார்கள் என்று காகிதத்தில் இருந்தது. எனக்கு முன்னால் வந்தவர்களில் ஒருத்தியைக்கூடச் செய்யவில்லை. காலம் முடிந்ததும் கும்பிடு போட்டு அனுப்பிவிட்டு, புதிதாக ஒரு கூட்டத்தைப் பயிற்சிக்கு எடுப்பார்கள். இது எனக்குத் தெரியும். அப்பாவுக்குத் தெரியாது. அவர் தெரு முழுக்க, "எம் பொண்ணு கம்ப்யூட்டர்ல இருக்கா" என்று சொல்லி வைத்திருந்தார். ஏதோ நான் அதற்குள்ளேயே குடியிருப்பது போல.

பின்னால் அதுவும் நடந்தது.

எங்களைக் கண்காணிக்கும் சூப்பர்வைசர் அம்மாளுக்கு நாங்கள் வைத்த பெயர் விசில். யாராவது வாயைத் திறந்தால் "ஷ்ஷ்ஷ்" என்று அவர் விடும் சத்தம் கடைசி வரிசைவரை வரும். போன் அவர் மேசையில் மட்டும்தான். கீழே கவுன்டரில் மக்கள் தவறான பில்லோடு வந்து கத்துவார்கள். தனியாக இருக்கிற மனுஷனுக்கு ஒரு ஹோட்டலுக்கு வருகிற பில் வந்திருக்கும். எங்களில் யாரோ ஒருத்தி ஒரு சைபரைக் கூடுதலாகத் தட்டியிருப்பாள். கவுன்டரில் இருக்கும் அக்கா ஒரு துண்டுச்சீட்டு எழுதித் தட்டில் போடுவார். தட்டு மதியம் மாடி ஏறும். விசில் கையெழுத்துப் போடுவார், நாங்கள் திருத்துவோம், மறுபடி கையெழுத்து, மறுநாள் சீட்டு கீழே இறங்கும். கவுன்டருக்கும் எனக்கும் நடுவில் இருந்தது ஒரு மாடிப்படி. அந்தப் படியை ஒரு துண்டுக்காகிதம் ஏறி இறங்க இரண்டு நாள். நோயாளிகூட அதைவிட வேகமாக ஏறுவான்.

பயிற்சிக்கு வருகிறவர்கள் அடித்துப் பழகுவதற்கு ஒரு பொய் இணைப்பு இருந்தது. எண் முழுக்கச் சைபர். அதில் எதை வேண்டுமானாலும் எழுதலாம், யாரும் கேட்கமாட்டார்கள். ஒருநாள் புழுக்கம் தாங்காமல் அதைத் திறந்து விலாச வரியில், 'என் சீட்டுக்கு மேல ஃபேன் ஓடல, யாருக்காவது அக்கறை இருக்கா' என்று அடித்துப் பதிந்துவிட்டேன். அந்த இயந்திரத்தில் தமிழ் வராது. எங்கள் பேச்சை இங்கிலீஷ் எழுத்தில் அடித்தேன். கோபத்தில் செய்தது. சுவரில் உதைப்பதற்குப் பதிலாக.

மறுநாள் திறந்தால் என் வரி இல்லை. வேறு ஒன்று இருந்தது.

'ஃபேனாவது இருக்கே. எங்களுக்கு ஜன்னலே இல்ல. யாரு நீ?'

நிமிர்ந்து பார்த்தேன். எல்லாத் தலையும் குனிந்துதான் இருந்தது. எங்களுக்கு ஜன்னல் உண்டு, அதனால் இந்த அறையில் யாரும் எழுதியிருக்க முடியாது. அப்படியானால் யார்? 'மாடி. கடைசி வரிசை. நீ?' என்று அடித்தேன். மூடினேன், திறந்தேன். என் வரியே இருந்தது. மூடினேன், திறந்தேன். மூன்றாவது முறை திறந்தபோது மாறியிருந்தது.

'டிப்போ. ஊருக்கு வெளிய, பம்ப் ஹவுஸ் பக்கம். நாங்க ரெண்டே பேர். இன்னொருத்தி தூங்கறா.'

நான் சத்தமாகச் சிரித்துவிட்டேன். அந்த அறையில்.

"ஷ்ஷ்ஷ்! என்னம்மா சிரிப்பு அங்க?"

"ஒருத்தர் பேரு தமாஷா இருந்துச்சு மேடம்."

"பேரைப் பாத்தா அடி. படிக்காதே."

எங்கள் அலுவலகத்தின் டிப்போ எங்கே இருக்கிறது என்றுகூட எனக்குத் தெரியாது. ஒரே பெரிய கம்ப்யூட்டரின் இரண்டு முனைகளில் நாங்கள் இருவரும் உட்கார்ந்திருந்தோம், அவ்வளவுதான். போன் என்றால் நான் கூப்பிடுகிற நேரத்தில் அவள் அங்கே இருக்க வேண்டும், பக்கத்தில் நிற்கிறவன் காதைத் தீட்டுவான். கடிதம் என்றால் தபால்காரன் வர வேண்டும். இது இரண்டும் இல்லை. அவள் வரும்வரை வாசலில் காத்திருந்தது. அவள் வந்ததும் பாய்ந்து திரும்பியது. போனின் அவசரமும் கடிதத்தின் பொறுமையும் ஒன்றாகப் பிறந்த பிள்ளை மாதிரி. அன்று வீட்டுக்கு நடக்கும்போது கால் தரையில் பாவவில்லை. பொய் சொல்லவில்லை. பஸ்ஸை விட்டுவிட்டு நடந்தேன்.

மறுநாள் தண்ணீர்க் குழாயடியில் கவுன்டர் அக்காவைப் பிடித்தேன். அவர் மேசையிலும் ஒரு டெர்மினல் உண்டு, பில்லைப் பார்க்க.

"எனக்கெதுக்குடி இதெல்லாம்? இருக்கற சண்டை போதாதா?"

"அக்கா, தப்பு பில்லு வந்தா சீட்டு எழுதாதீங்க. சைபரைத் திறந்து நம்பரை எனக்குப் போடுங்க. நான் திருத்திட்டுப் பதில் போடறேன்."

"கையெழுத்து?"

"கையெழுத்தா தண்ணி குடிக்குது? மீட்டர் கணக்குச் சரியா இருந்தா போதாதா?"

அக்கா என்னை மேலும் கீழும் பார்த்தார். "படிச்ச திமிரு," என்றார். ஆனால் மதியமே போட்டார். ஒரு தையல்காரர், இரண்டு மெஷின் வைத்திருக்கிற சின்னக் கடை, நீச்சல் குளத்துக்கு வருகிற பில் வந்திருந்தது. அக்கா எண்ணைப் போட, நான் திறந்து பார்த்து, கூடுதல் சைபரைத் தூக்கி எறிந்து, 'ஆச்சு' என்று போட்டேன். தையல்காரர் அதற்குள் ஒரு டம்ளர் தண்ணீர்தான் குடித்திருக்கிறார். "சரியாயிடுச்சு, கட்டிட்டுப் போங்க" என்றதற்கு அவர் நம்பவே இல்லையாம்.

"நாளைக்கே வரேம்மா. பழகிடுச்சு," என்றாராம்.

அதற்குப் பிறகு அக்காவை நிறுத்த முடியவில்லை. ஒரே வாரத்தில் கவுன்டர் வரிசை வாசற்படிக்குள் சுருங்கிவிட்டது. சைபரைப் பற்றி ஒவ்வொருத்தியாகத் தெரிந்துகொண்டார்கள். எனக்கும் அதுவே பெயராகிவிட்டது. சைபர். கணக்குப் படித்தவளுக்கு அதைவிட நல்ல பெயர் யார் வைக்க முடியும்?

கூட்டம் சேர்ந்ததும் தகராறு வந்தது. நான்கே வரி. புதிதாக எழுதுகிறவள் பழையதை அழித்துத்தான் எழுத வேண்டும். டிப்போக்காரி எனக்கு எழுதியதைப் பக்கத்து சீட்டுக்காரி அழித்துவிட்டாள். கவுன்டர் அக்கா அனுப்பிய எண்ணை யாரோ அழித்து, 'யாருக்கிட்டயாவது தலைவலி மாத்திரை இருக்கா' என்று போட்டுவிட்டாள். கீழே வாடிக்கையாளர் காத்திருக்க, நான் மேலே தலைவலி மாத்திரையைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

ஆளுக்கு ஒரு பெட்டி வேண்டும். இருபத்துநாலு மணி நேரமும் அதே யோசனை. சோற்றில் கை வைத்தபடி யோசித்தேன். "எவனையாவது பாத்துட்டியா?" என்று அம்மா கேட்டாள். "எவனும் இல்ல, பெட்டி," என்றேன். அவள் இன்னும் பயந்துபோனாள்.

வழி வேலையிலேயே இருந்தது. சாலையை அகலப்படுத்த ஒரு தெருவையே இடித்திருந்தார்கள். அந்த வீடுகளை நான்தான் மூடிக்கொண்டிருந்தேன். ஒவ்வோர் எண்ணாகத் திறந்து 'இடிப்பு' என்று குறி போட வேண்டும். குறி போட்டபிறகு அந்த எண்ணை யாரும் தொடமாட்டார்கள், ஆனால் அழிக்கவும் மாட்டார்கள். எங்கள் அலுவலகம் எதையும் தூக்கி எறியாது, ஆட்களைத் தவிர. அப்படி எத்தனையோ வருஷத்து வீடுகள் கம்ப்யூட்டருக்குள் ஆளில்லாமல் நின்றன. பெயர் மட்டும் அப்படியே இருந்தது, விலாசத்தின் நாலு வரியும் காலி.

விரல் நின்றுவிட்டது. வீடு இல்லாத விலாசம் நூற்றுக்கணக்கில் இருக்க, விலாசம் இல்லாத நாங்கள் ஒரே சைபரில் முட்டிக்கொண்டிருந்தோம்!

அன்றே குடியேறினோம். கவுன்டர் அக்கா இடித்த சினிமாக் கொட்டகையை எடுத்துக்கொண்டார். பக்கத்து சீட்டுக்காரிக்கு ஒரு வங்கிக் கட்டடம். டிப்போக்காரி ஒரு பழைய பங்களாவைக் கேட்டு வாங்கினாள். 'இங்கதான் ஒரு பாத்ரூம் கூட ஒழுங்கா இல்ல, அங்கயாவது ரெண்டு இருக்கட்டும்' என்று எழுதினாள். நான் சைபரிலேயே இருந்தேன். யாருக்கு எந்த வீடு என்று மனப்பாடம் செய்துகொண்டோம். கவுன்டரில் இருந்து மாடிக்கு, மாடியிலிருந்து டிப்போவுக்கு, நாள் முழுக்கச் செய்தி பறந்தது. எந்தத் தெருவில் மீட்டர் ஓடவில்லை, எந்தப் பகுதியில் குழாய் உடைந்தது, எல்லாம் லைன்மேன் வந்து சொல்வதற்கு முன்னால் எங்களுக்குத் தெரிந்தது. கூடவே விசிலுக்கு இன்றைக்கு மூட்டு வலி, யார் பிள்ளைக்குக் காய்ச்சல், எந்த பஸ்ஸில் உட்கார இடம் கிடைக்கும். பலகைக்கு நாங்கள் துரோகம் செய்யவில்லை. ஒரு வார்த்தை பேசவில்லை. அறை அவ்வளவு அமைதியாக ஒருநாளும் இருந்ததில்லை என்று மேனேஜரே விசிலைப் பாராட்டிவிட்டுப் போனார்.

நான் கவனிக்காத ஒன்று இருந்தது. இடித்த வீட்டுக்கு பில் வராது என்பது சரி. ஆனால் ஒரு பில் பருவத்தில் எந்த எண்ணின் விலாசத்தில் கை வைத்தாலும், அந்த வீட்டில் ஆள் இருக்கிறது என்று இயந்திரம் எடுத்துக்கொள்ளும். யாருக்கும் அது தெரிந்திருக்கவில்லை. இடித்த வீட்டு விலாசத்தைத் திருத்துகிற பைத்தியக்காரி அதுவரை யாரும் வேலைக்கு வரவில்லையே. பருவம் முடிந்தது, பில் அச்சாகிற நாள் வந்தது. இயந்திரம் எங்கள் வீடுகளுக்கும் பில் போட்டுவிட்டது. விலாசத்தில் அந்த நேரத்தில் என்ன எழுதியிருந்ததோ அதோடு.

பில் விநியோகிக்கிற அண்ணன் மனசாட்சி உள்ள மனிதர். பில்லைக் கொடுக்காமல் ஓயமாட்டார். மதியம்வரை சைக்கிளில் அலைந்துவிட்டு, வேர்த்து விறுவிறுத்து, கவுன்டருக்கு வந்து, மக்கள் நிறைந்த கூடத்தில் நின்று உரக்கப் படித்தார். நான் அப்போது குழாயடிக்கு இறங்கியிருந்தேன்.

"கவுன்டர் அம்மா, 'விசில் பின்னாடி நிக்குது அப்புறம் வரேன்', இது எந்தத் தெரு?"

கவுன்டர் அக்கா பில்லைப் பிடுங்கக் கையை நீட்டினார்.

"அது போகட்டும். 'ரெண்டாவது பஸ்ஸுல வா, எடம் போடறேன்', இதுக்கு லேண்ட்மார்க் ஏதாவது இருக்கா? இன்னொண்ணு பாருங்க, சினிமாக் கொட்டகை இருந்த எடத்துல இப்ப ரோடுதான் இருக்கு. ரோட்டுக்கு எப்படி பில்லு குடுக்கறது? யார் வாங்குவா?"

"அண்ணே, அதை இப்படிக் குடுங்க..."

"இருங்கம்மா, கடைசியா ஒண்ணு. 'மேனேஜர் இன்னிக்கி முடிக்குச் சாயம் பூசியிருக்காரு, காதுல ஒட்டியிருக்கு பாத்தியா.' இந்த வீட்டுல ஆளு இருக்கா?"

அந்த ஆள் பின்னால்தான் நின்றுகொண்டிருந்தார். கூடமே திரும்பி அவர் காதைப் பார்த்தது. அவர் கை தானாகக் காதுக்குப் போனது.

ஒரு மணி நேரத்தில் எல்லோரும் அவர் அறையில் நின்றோம். மேசையில் பில்கள். விசில் ஓரமாக, முகத்தில் ஈயாடாமல். அவர் பெயர் என்ன என்று அன்றுதான் அவருக்கே தெரிந்தது, பாவம்.

"யாரு ஆரம்பிச்சது?" என்றார் மேனேஜர்.

யாரும் வாய் திறக்கவில்லை. அது எனக்குப் பெருமையாகத்தான் இருந்தது. ஆனால் அவர் கேட்ட விதம் இருக்கிறதே, பொருள் தொலைந்த வீட்டில் வேலைக்காரியைக் கேட்கிற விதம், அது எனக்குப் பொறுக்கவில்லை.

"நான்தான் சார். ஆரம்பிச்சதுன்னு சொல்லாதீங்க. கண்டுபிடிச்சது."

"கண்டுபிடிச்சியா? இதுல என்னம்மா கண்டுபிடிப்பு? எலக்ட்ரானிக் மெயில்னு இதுக்கு ஏற்கெனவே பேரே இருக்கு. பெரிய பெரிய ஆராய்ச்சி நிலையத்துல எல்லாம் பண்றாங்க. தலைமையகக் கூட்டத்துலயே சொன்னாங்க."

எனக்குத் தலை சுற்றியது. கோபத்தால் இல்லை. எங்கேயோ கண்காணாத இடத்தில், பெரிய படிப்புப் படித்தவர்கள், எனக்குத் தோன்றியதே தங்களுக்கும் தோன்றி அதைச் செய்துகொண்டிருக்கிறார்கள்! சந்தோஷத்தில் கத்தியிருப்பேன். அடுத்த நொடியே கோபமும் வந்துவிட்டது.

"உங்களுக்குத் தெரியுமா? அப்ப எங்களுக்கு ஏன் சார் சொல்லல?"

"உங்களுக்கு எதுக்கு?"

"பாத்தீங்களா, அதான் நாங்களே கண்டுபிடிக்க வேண்டியதாப் போச்சு."

யாரோ களுக்கென்று சிரித்தார்கள். மேனேஜர் முகம் சிவந்தது. என் பயிற்சிக் காலம் அந்த மாதத்தோடு முடிகிறது, அதன்பிறகு நான் வர வேண்டியதில்லை என்றார். தலைமையகத்துக்குப் போன் போட்டுச் சைபரையும் இடித்த வீடுகளையும் பூட்டச் சொன்னார். சாயங்காலத்துக்குள் எல்லாக் கதவும் மூடிவிட்டது. எண்ணைத் தட்டினால் 'அனுமதி இல்லை' என்றது திரை.

வீட்டில் சொன்னேன். மறைத்துப் பழக்கமில்லை.

"வாய வச்சுக்கிட்டுச் சும்மா இருக்க மாட்டியா நீ?" என்றார் அப்பா. "யாருன்னு கேட்டா, தெரியாதுன்னு நிக்க வேண்டியதுதானே? யார் பொண்ணு இவ?"

"மேஸ்திரி சட்டையைப் புடிச்சவர் பொண்ணுதான்," என்றாள் அம்மா அடுப்படியிலிருந்து.

"அது மூட்டை வேலை. இந்த லாரி இல்லேன்னா வேற லாரி. இது கம்ப்யூட்டருடி!"

அவர் இடுப்பைப் பிடித்துக்கொண்டு சுவர் பக்கம் திரும்பிப் படுத்துவிட்டார். இன்னும் திட்டியிருந்தால்கூடச் சண்டை போட்டிருப்பேன். திரும்பிப் படுத்தால் என்ன செய்வது?

மறுநாள்தான் வேடிக்கை. பில் போய்ச் சேர்ந்த முதல் வாரம் என்றால் எங்கள் அலுவலகத்துக்குத் திருவிழாக் கூட்டம். தவறு இல்லாத பில்லே அபூர்வம். மக்களோ இப்போது தண்ணீர் குடிக்கிற நேரத்தில் வேலை முடிந்து பழகியவர்கள். கவுன்டர் அக்கா பழையபடி துண்டுச்சீட்டு எழுதி, "நாளை கழிச்சு வாங்க" என்று சொல்ல, வரிசை வாசலைத் தாண்டித் தெருவுக்குப் போய், முனையில் திரும்பியது. கத்தல். அக்கா பொறுத்துப் பொறுத்துப் பார்த்துவிட்டுப் பேனாவை மூடினார்.

"எங்கிட்ட கத்திப் பிரயோஜனம் இல்ல. எல்லாம் மேல போங்க. மேனேஜர் ரூம், ரெண்டாவது கதவு. அவருதான் நிறுத்தினது."

மக்கள் மாடி ஏறினார்கள். எங்கள் அறைக் கண்ணாடி வழியாகப் பார்த்தோம். முதலில் நின்றது அந்தத் தையல்காரர். மறுபடியும் நீச்சல் குளம்.

"போன தடவை ஒரு டம்ளர் தண்ணியில முடிஞ்சது சார். இப்ப ஏன் நாளை கழிச்சு?"

"அது விதிமுறைக்கு மாறா நடந்ததுங்க."

"அந்த மாறாவே நடத்துங்க சார். நல்லாத்தானே இருந்துச்சு?"

பின்னால் இருந்த கூட்டம் ஆமாம் போட்டது. மதியத்துக்குள் மேனேஜரின் சட்டை நனைந்திருந்தது. தலைமுடிச் சாயம் நெற்றிக்கு வந்துவிட்டது. அவர் எழுந்து, கூட்டத்தைப் பிளந்து, எங்கள் அறைக்குள் நுழைந்து, கடைசி வரிசைக்கு வந்தார். குனிந்தார். கிசுகிசுத்தார்.

"பூட்டை எடுக்கச் சொல்லிடறேன். அந்தச் சைபரைத் திரும்ப நடத்தறியா?"

"பேசக் கூடாது சார். பலகை இருக்கு."

"வெளையாடாதம்மா. தெருவே மேல வந்துருச்சு."

நான் நாற்காலியைத் திருப்பி அவரை நேராகப் பார்த்தேன். "என்னை நிரந்தரம் பண்ணுங்க. நடத்தறேன்."

"அது என் கையில இல்ல. நான் பரிந்துரை எழுதி, அது தலைமையகம் போயி, பணியாளர் பிரிவு பாத்து, திரும்பி வர ரெண்டு மாசம் ஆகும். உனக்கு இந்த மாசமே முடியுது. சத்தியமா என்னால முடியாது."

பொய்யில்லை என்று முகம் சொன்னது. நான் யோசித்தேன். "அவங்க மேசையில டெர்மினல் இருக்கா சார்?"

"இருக்கும். உறை போட்டு மூடி வச்சிருப்பாங்க."

"உறையைக் கழட்டச் சொல்லுங்க."

மேனேஜர் விசிலின் மேசைப் போனிலேயே பேசினார். முதலில் கம்ப்யூட்டர் பிரிவுக்கு, பூட்டைத் திறக்க. அடுத்து பணியாளர் பிரிவுக்கு, உறையைக் கழற்ற. அவர்களுக்கும் ஒரு வீடு வேண்டுமே? இடித்த பழைய சிறைச்சாலை ஒன்று காலியாக இருந்தது. அதைக் கொடுத்தேன். மேனேஜர் பரிந்துரையை ஒரு தாளில் எழுதிக்கொண்டு வந்தார். 'மேற்படி பொருள் தொடர்பாகத் தங்களின் மேலான கவனத்திற்குப் பணிவன்புடன் கொண்டுவர விழைவது யாதெனில்' என்று தொடங்கியது.

"நாலு வரிதான் சார் இருக்கு. இதுலயே ரெண்டரை போயிடும்."

"பணிவன்புடன் இல்லாம எப்படிம்மா?"

"பணிவன்புடன் போட்டா விஷயத்துக்கு எடமில்ல. எது வேணும்?"

அவர் முகத்தில் ஓடிய வேதனை சொல்லி மாளாது. கடைசியில் அவரே வெட்டினார். 'பயிற்சிப் பெண், மாடி, கடைசி வரிசை. நிரந்தரம் செய்யலாம். நன்றாக வேலை செய்கிறார். பதில் இன்றே தேவை.' எழுத்து எழுத்தாக அடித்தேன்.

"கையெழுத்து எங்க போடறது?"

"போட முடியாது சார்."

"அப்ப நான்தான் அனுப்பினேன்னு அவங்களுக்கு எப்படித் தெரியும்?"

நல்ல கேள்வி. "போன் பண்ணிச் சொல்லிடுங்க," என்றேன். பணியாளர் பிரிவுக்கு மறுபடி போன். "ஆமா, நான்தான் அனுப்பிச்சேன்... வந்துச்சா? தெறந்து பாருங்க... இல்ல, பழைய ஜெயிலு... ஆமா, ஜெயிலைத் தெறங்க!"

அறையில் தட்டல் சத்தம் நின்றுவிட்டது. கவுன்டர் அக்கா கவுன்டரை அப்படியே போட்டுவிட்டு மாடியேறி வந்து மூச்சு வாங்க நின்றார். கூட்டமும் வாசலில் எட்டிப் பார்த்தது. விஷயம் எட்டிய டிப்போக்காரி சைபரில், 'வந்துச்சா?' என்று போட்டாள். கொஞ்ச நேரத்தில் மறுபடி, 'வந்துச்சாடி?' மூடினேன், திறந்தேன். விரல் நனைந்து வழுக்கியது. 'வந்துச்சா இல்லையா சொல்லித் தொலை!'

வந்தது. சிறைச்சாலையிலிருந்து.

'பெயர்?'

மேனேஜர் என்னைப் பார்த்தார். இத்தனை மாதமும் அவர் கண்முன்னால்தான் இருந்தேன்.

"உன் பேரு... என்னம்மா?"

கவுன்டர் அக்கா தலையில் அடித்துக்கொண்டார். நான் சொல்லவில்லை. அடித்தேன். அப்பா பெயரையும் சேர்த்து, முழுசாக, ஒரு வரி முழுக்க. மூடினேன், திறந்தேன். அதே வரி. அதே வரி. பிறகு திரை துடைத்துக்கொண்டது.

'ஒப்புதல். உத்தரவு தபாலில் வரும். இது நல்லா இருக்கே, யார் செய்தது?'

அறை வெடித்தது. விசில் ஒரு சத்தமும் விடவில்லை. யாரோ என் கழுத்தைக் கட்டிக்கொண்டார்கள், யாரோ முதுகில் அறைந்தார்கள், வாசலில் தையல்காரர் என்ன ஏது என்று தெரியாமலே கை தட்டினார். எனக்கு அழுகை வந்தது, அதை நினைத்துக் கோபமும் வந்தது. மேனேஜர் மட்டும் திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். ரெண்டு மாசம், ரெண்டு மாசம் என்று உதடு முணுமுணுத்தது. பிறகு திடீரென்று நிமிர்ந்தார்.

"முத்திரை இல்லையே? முத்திரை இல்லாம இது செல்லுமா?"

"அச்சடிச்சுத் தரேன் சார், நீங்களே ஒண்ணு குத்திக்குங்க."

அவர் தலையாட்டினார். "சரி, சரி. ஜனங்க நிக்கறாங்க. எல்லாம் வேலையைப் பாருங்க."

யாரும் நகரவில்லை. பக்கத்து சீட்டுக்காரி நாற்காலியை இழுத்துக்கொண்டு என் திரைக்கு அருகில் வந்தாள். அவளுக்கும் பயிற்சிதான். அடுத்த மாதம் முடிகிறது.

"சார், எனக்கும் அந்த நாலு வரியை அனுப்புங்க."

"என்னம்மா நீ, இது என்ன..."

"அவளுக்கு அனுப்பினீங்கல்ல? பணிவன்புடன் வேணாம், எனக்கும் அப்படியே போதும்."

அவளுக்குப் பின்னால் இன்னொருத்தி எழுந்து வந்தாள். அவளுக்குப் பின்னால் இன்னும் இரண்டு பேர். டிப்போக்காரி அங்கிருந்தே, 'எங்க ரெண்டு பேரையும் விட்டுடாதே, தூங்கறவளை எழுப்பிட்டேன்' என்று போட்டாள். என் நாற்காலிக்குப் பின்னால் ஒரு வரிசை, கதவுக்கு வெளியே இன்னொரு வரிசை, நடுவில் மேனேஜர். அவர் இரண்டு பக்கமும் பார்த்தார். பிறகு கைக்கடிகாரத்தைப் பார்த்தார்.

"ஜெயில்காரங்க எப்ப சார் வீட்டுக்குப் போவாங்க?" என்றேன்.

"அஞ்சு மணிக்கு," என்றார், தன்னை அறியாமல்.

"அப்ப நேரமிருக்கு." விரல்களை முந்தானையில் துடைத்துக்கொண்டு பக்கத்து சீட்டுக்காரியிடம் திரும்பினேன். அவளை எனக்கு வங்கி என்றுதான் தெரியும்.

"உன் பேரைச் சொல்லு. அப்பா அம்மா பேரோட, முழுசா."